பின்னத்தில் போன இரண்டு வருடம்

ஒரு எண்ணின் மூன்றில் ஒரு பங்கையும் நான்கில் ஒரு பங்கையும் கூட்டினால் 14 வருகிறது, அந்த எண் எது? பயிற்சி மையத்தில் வைத்த மாதிரித் தேர்வில் இந்தக் கேள்விக்கு நான் 2 என்று குறித்தேன். இரண்டின் மூன்றில் ஒரு பங்கு ஒன்றுகூட வராதே, அது எப்படி 14-ல் போய்ச் சேரும் என்று எனக்கு அப்போது தோன்றவே இல்லை. கொடுத்திருந்த நான்கு விடைகளில் முதலாவதே 2. என் கணக்கிலும் 2 வந்தது. சரி, இதுதான் என்று நம்பி வட்டத்தைக் கறுப்பாக்கிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். பின்னம் வரும் சமன்பாடுகளில் நான் எத்தனை தவறு செய்கிறேன், ஒவ்வொன்றும் எங்கே நடக்கிறது என்று தெரிந்துகொள்ள எனக்கு ஏறத்தாழ இரண்டு வருடம் ஆனது. யாராவது ஒருவர் ஒரு மணி நேரம் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லியிருந்தால் போதும். அந்த ஒரு மணி நேரம் எனக்குக் கிடைக்கவில்லை. அதனால்தான் இதை இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

நான் படித்தது பி.ஏ. வரலாறு. பத்தாம் வகுப்பில் கணக்குப் பாடத்தில் 38 மதிப்பெண். அதோடு கணக்கை விட்டாயிற்று என்று நினைத்திருந்தேன். கல்யாணம், குழந்தை எல்லாம் ஆன பிறகு, 2021 கடைசியில்தான் அரசு வேலைக்கான டிஎன்பிஎஸ்சி குரூப் 4 தேர்வு எழுதலாம் என்று முடிவு செய்தேன். எங்கள் ஊர் கும்பகோணம் பக்கம். டவுன் பஸ் மகளிருக்கு இலவசமாகியிருந்ததால் போக்குவரத்துச் செலவு இல்லை. பயிற்சி மையத்துக்குக் கட்டணம் 16,000 ரூபாய். என் முக்கால் பவுன் தோட்டை அடகு வைத்துத்தான் கட்டினேன். புத்தகங்களுக்கு 1,400. பிறகு கணக்குக்கென்று தனியாக ஒரு இணைய வகுப்பில் 3,500 கட்டினேன். அடகுக்கு வட்டி 2,900 சேர்ந்தது. ஆக 23,800 ரூபாய். என் கணவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஆனால் கடையில் தோட்டைக் கழற்றிக் கொடுத்த நிமிடம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

தேர்வைப் பற்றித் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். மூன்று மணி நேரத்தில் 200 கேள்விகள். தமிழ் 100, பொது அறிவு 75, திறனறிவும் மனக்கணக்கும் 25. கேள்விக்கு ஒன்றரை மதிப்பெண் வீதம் மொத்தம் 300. தமிழும் வரலாறும் எனக்குக் கை கொடுத்தன. அந்த 25 கேள்விகள்தான் பயம். சுருக்குதல், விகிதம், சதவீதம், வட்டி, வேலையும் நேரமும் என்று தலைப்பு எதுவாக இருந்தாலும் உள்ளே போய்ப் பார்த்தால் பின்னம் உட்கார்ந்திருக்கும். பின்னம் தெரியாதவருக்கு அது ஒரு பாடம் போன மாதிரி இல்லை, ஐந்தாறு பாடம் போன மாதிரி.

பயிற்சி மையத்தில் ஒரே அறையில் தொண்ணூறு பேர் இருந்தோம். கணக்கு எடுத்தவர் வேகமானவர், கெட்டிக்காரர். ஒவ்வொரு வகைக் கணக்குக்கும் ஒரு குறுக்குவழி சொல்வார். இப்படிக் கேட்டால் மேலே இருப்பதைப் பெருக்கு, கீழே இருப்பதைக் கூட்டு, இதால் வகு, விடை வந்துவிடும். நான் எல்லாவற்றையும் எழுதிக்கொண்டேன். மூன்று நோட்டு நிறைந்தது. கேள்வியில் ஒரு சொல் மாறினால் எந்தக் குறுக்குவழி என்று தெரியாமல் திகைத்து நிற்பேன். ஒரு நாள் தைரியமாக எழுந்து, ‘ஏன் சார் 12-ஆல் பெருக்குகிறோம்?’ என்று கேட்டேன். ‘அதெல்லாம் எட்டாவதில் படித்திருப்பீர்கள், இங்கே அதற்கு நேரமில்லை’ என்றார். அவர் கோபமாகச் சொல்லவில்லை. ஆனால் முன்வரிசையில் இருந்த இரண்டு பிள்ளைகள் திரும்பிப் பார்த்தார்கள். அவர்களுக்கு என்னைவிடப் பத்து வயது குறைவு. அதன் பிறகு நான் கேள்வி கேட்கவே இல்லை. என் வாழ்க்கையில் நான் செய்த பெரிய தவறுகளில் அதுவும் ஒன்று.

2022 ஜூலை 24-ல் தேர்வு எழுதினேன். முடிவு 2023 மார்ச்சில்தான் வந்தது. எட்டு மாதம் காத்திருந்து பார்த்தால், என் பிரிவில் கடைசியாக அழைக்கப்பட்டவரைவிட எனக்கு 6 மதிப்பெண் குறைவு. அதாவது நான்கு கேள்வி. விடைக்குறிப்பை வைத்துச் சரிபார்த்தபோது கணக்கில் 25-க்கு 11 மட்டுமே சரி. தவறிப்போனவற்றில் பெரும்பாலானவை பின்னம் உள்ளவை. அன்று இரவு சமையலறையில் விளக்கைப் போடாமல் உட்கார்ந்து அழுதேன். சில மாதம் புத்தகத்தைத் தொடவில்லை.

திரும்ப ஆரம்பித்ததற்குக் காரணம் எங்கள் வீட்டு அப்பாயி, என் கணவருடைய அப்பாவைப் பெற்றவர். அந்த ஆடி மாதம் மாரியம்மன் கோயிலில் கூழ் ஊற்ற வீடு வீடாகக் கேழ்வரகு வாங்கினார்கள். எங்கள் திண்ணையில் கொண்டுவந்து சேர்ப்பார்கள், அப்பாயிதான் கணக்கு வைத்துக்கொள்வார். ஒரு வீட்டில் ஒரு படி, அடுத்த வீட்டில் அரைப்படி, அதற்கடுத்து கால்படி, அடுத்து அரைக்கால்படி. நான் தாளை எடுத்து 1, 1/2, 1/4, 1/8 என்று எழுதத் தொடங்கினேன். அப்பாயி அதற்குள், ‘பதினஞ்சு ஆழாக்கு. ரெண்டு படிக்கு ஒரு ஆழாக்கு கொறச்சல்’ என்றார். எப்படி அப்பாயி என்று கேட்டேன். ‘ஏம்மா, படிக்கு எட்டு ஆழாக்கு. எல்லாத்தையும் ஆழாக்காச் சொல்லிட்டா அப்புறம் சும்மா எண்ணுறதுதானே? எட்டு, நாலு, ரெண்டு, ஒண்ணு’ என்றார்.

நான் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டு நின்றேன். அப்பாயி பின்னங்களைக் கூட்டவே இல்லை. எல்லாவற்றையும் ஒரே சின்ன அளவுக்கு மாற்றிவிட்டார், பின்னம் காணாமல் போய்விட்டது. முக்கியமாக, அந்த முழுப் படியையும் அவர் எட்டாக மாற்றினார். அது முழுசாகத்தானே இருக்கிறது என்று ஒன்றாகவே விட்டிருந்தால் 1, 4, 2, 1 என்று எட்டு வந்திருக்கும், ஒரே படிதான் என்று ஆகியிருக்கும். அங்கேதான் என் தவறு எனக்குக் கண்ணுக்குத் தெரிந்தது. மாதிரித் தேர்வில் நான் செய்தது அதுவேதான். இடப்பக்கத்தை மாற்றிவிட்டு வலப்பக்கத்து 14-ஐ அப்படியே விட்டிருந்தேன்.

அந்தக் கணக்கையே முதலில் போட்டுக் காட்டுகிறேன். தெரியாத எண்ணைப் பள்ளியில் எக்ஸ் என்று எழுதுவோம். என் கையெழுத்தில் எக்ஸும் பெருக்கல் குறியும் ஒன்றுபோல இருந்து அதுவே பல தடவை குழப்பியதால், நான் ‘ப’ என்று எழுதிப் பழகினேன். உங்களுக்கும் அந்தச் சிக்கல் இருந்தால் வேறு எந்த எழுத்தையும் வைத்துக்கொள்ளுங்கள், விடை மாறாது. ப/3 + ப/4 = 14. பின்னத்தின் கீழே இருக்கும் எண்ணுக்குப் பகுதி என்று பெயர், மேலே இருப்பது தொகுதி. இங்கே பகுதிகள் 3, 4. இரண்டாலும் மீதியில்லாமல் வகுபடும் மிகச் சிறிய எண் 12. அதுதான் மீச்சிறு பொது மடங்கு, வகுப்பில் எல்சிஎம் என்பார்கள். ஒரு படிக்குப் பன்னிரண்டு ஆழாக்கு இருக்கும் ஊர் என்று நினைத்துக்கொள்ளுங்கள். மூன்றில் ஒரு பங்கு 4 ஆழாக்கு, நான்கில் ஒரு பங்கு 3 ஆழாக்கு, 14 படி என்பது 168 ஆழாக்கு. ஆக 4ப + 3ப = 168. 7ப = 168. ப = 24. நான் அன்று 7ப = 14 என்று எழுதி 2 வாங்கியிருந்தேன். சமன்பாடு என்பது தராசு. ஒரு தட்டில் இருப்பதைப் பன்னிரண்டு மடங்காக்கினால் மறு தட்டையும் பன்னிரண்டு மடங்காக்க வேண்டும். இந்த வரியை எல்லாரும் சொல்வார்கள், நானும் கேட்டிருக்கிறேன். ஆழாக்கைப் பார்த்த பிறகுதான் அது எனக்குள் இறங்கியது.

இதே தவறு இன்னொரு வேடத்தில் வரும். ப/2 + 5 = ப/3 + 9. இங்கே பின்னமில்லாத 5, 9 நடுவில் நிற்கின்றன. பின்னத்தின் மீதே கண் இருக்கும்போது இவற்றை யாரும் கவனிப்பதில்லை. நான் 3ப + 5 = 2ப + 9 என்று எழுதி 4 என்று விடை சொல்லியிருக்கிறேன். 6-ஆல் பெருக்கும்போது 5 என்பது 30 ஆக வேண்டும், 9 என்பது 54 ஆக வேண்டும். 3ப + 30 = 2ப + 54, ப = 24. இதற்கு நான் வைத்துக்கொண்ட பழக்கம் ஒன்று உண்டு. பெருக்குவதற்கு முன்னால் பென்சிலால் ஒவ்வொரு உறுப்பின் தலையிலும் ஒரு சின்னப் புள்ளி வைப்பேன். இந்தக் கணக்கில் நான்கு உறுப்பு, நான்கு புள்ளி. பெருக்கிய பிறகு நான்கு எண்களும் மாறியிருக்கின்றனவா என்று பார்ப்பேன். சிறுபிள்ளைத்தனமாகத் தெரியலாம். எனக்கு அந்தப் புள்ளிதான் மூன்று நான்கு மதிப்பெண் சேர்த்துக் கொடுத்தது.

இதைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தபோது பழைய எண்சுவடிக் கணக்கு நினைவுக்கு வந்தது. கல்லூரியில் தமிழ்ப் பாடத்தில் பெயராக மட்டும் படித்தது. முந்திரி என்றால் 320-ல் ஒரு பங்கு. காணி 80-ல் ஒரு பங்கு, மா 20-ல் ஒரு பங்கு, வீசம் 16-ல் ஒரு பங்கு. எல்லாவற்றையும் முந்திரியாக மாற்றிப் பார்த்தேன். காணி 4 முந்திரி, மா 16, வீசம் 20, அரைக்கால் 40, கால் 80. எல்லாம் முழு எண்கள். 320 என்பது 80, 20, 16, 8, 4, 2 எல்லாவற்றாலும் வகுபடுவதால்தான் இது நடக்கிறது. எல்சிஎம் என்று நாம் பயந்து பயந்து படிப்பதை நம் ஊரில் நிலம் அளந்தவர்களும் நெல் அளந்தவர்களும் பேச்சு வழக்கிலேயே வைத்திருந்தார்கள். எனக்கு அது பெரிய ஆறுதலாக இருந்தது. கணக்கு வராத குடும்பத்தில் நான் வாழ்க்கைப்படவில்லை.

அடுத்து வருவது என்னை அதிக நாள் ஏமாற்றியது: பின்னத்துக்கு முன்னால் நிற்கும் கழித்தல் குறி. (ப + 3)/2 − (ப − 1)/3 = 4. 6-ஆல் பெருக்கினால் 3(ப + 3) − 2(ப − 1) = 24. இதுவரை சரியாக வந்துவிடுவேன். அடைப்புக்குறியை எடுக்கும்போது 3ப + 9 − 2ப − 2 = 24 என்று எழுதி, 17 என்று முடிப்பேன். தவறு அந்தக் கடைசி 2-ல் இருக்கிறது. கழித்தல் குறி அடைப்புக்குள் இருக்கும் எல்லாரையும் தொடும். −2-ஐ −1-ஆல் பெருக்கினால் +2. ஆகவே 3ப + 9 − 2ப + 2 = 24, ப + 11 = 24, ப = 13. பின்னமாக இருக்கும்போது அந்த நீளமான கோடுதான் அடைப்புக்குறி வேலையைச் செய்துகொண்டிருக்கிறது. கோட்டை எடுத்த நொடியே அடைப்புக்குறியைப் போட்டுவிட வேண்டும், மனசுக்குள் போட்டேன் என்று விடக்கூடாது. நான் தவறவிட்ட கணக்குகளை ஒரு நோட்டில் தொகுத்துப் பார்த்தேன். மொத்தம் 64 தவறில் 23 இந்த ஒரே இடத்தில் நடந்தவை. உங்கள் தவறுகளையும் இப்படித் தொகுத்துப் பாருங்கள். கணக்கு வரவில்லை என்ற பெரிய பயம், மூன்று நான்கு குறிப்பிட்ட இடங்களாகச் சுருங்கிவிடும்.

குறுக்குப் பெருக்கலைப் பற்றியும் சொல்ல வேண்டும். இடப்பக்கம் ஒரே ஒரு பின்னம், வலப்பக்கம் ஒரே ஒரு பின்னம் என்று இருந்தால் அது அருமையான வழி. (2ப + 1)/5 = (ப + 4)/3 என்றால் 3(2ப + 1) = 5(ப + 4), 6ப + 3 = 5ப + 20, ப = 17. முடிந்தது. ஆனால் பக்கத்தில் இன்னொரு உறுப்பு நின்றால் கையை வைக்கக்கூடாது. ப/4 + 3 = ப/2 என்பதில் நான் குறுக்காகப் பெருக்கி 2ப + 3 = 4ப என்று எழுதியிருக்கிறேன். ஒன்றரை என்று விடை வரும். உண்மையில் எல்லாவற்றையும் 4-ஆல் பெருக்கினால் ப + 12 = 2ப, விடை 12. குறுக்குப் பெருக்கல் தனி வித்தை இல்லை. இரண்டு பக்கத்தையும் இரண்டு பகுதிகளால் பெருக்குவதைத்தான் அது சுருக்கமாகச் செய்கிறது. இதை வகுப்பில் ஒரு நிமிடம் சொல்லியிருக்கலாம் என்று எனக்கு இன்றும் வருத்தம் உண்டு.

இன்னொன்று, தசமத்துக்குப் போகாதீர்கள். முதல் தேர்வுக்கு முன் நான் பின்னத்தைக் கண்டு பயந்து எல்லாவற்றையும் தசமமாக மாற்றிப் பார்த்தேன். 1/3 என்பதை 0.33 என்று எடுத்தேன். 0.33-ம் 0.25-ம் 0.58. 14-ஐ 0.58-ஆல் வகுத்தால் 24.13 என்று வரும். 24 என்று கொடுத்திருக்கிறார்களே, நம் விடை வேறு வருகிறதே என்று மறுபடி முதலிலிருந்து போடுவேன். ஒரு கேள்விக்கு நான்கு நிமிடம் போகும். அரை, கால் போன்றவற்றைத் தசமமாக்கினால் கெடுதல் இல்லை. மூன்று, ஆறு, ஏழு, ஒன்பது கீழே வந்தால் பின்னமாகவே வையுங்கள்.

எல்லாவற்றையும் பெருக்கிப் பின்னத்தை ஒழிக்கும் வழி கைக்கு வந்ததும் நான் அதை வேண்டாத இடத்திலும் செய்யத் தொடங்கினேன். ‘சுருக்குக: ப/2 + ப/3’ என்ற கேள்விக்கு 6-ஆல் பெருக்கி 5ப என்று எழுதினேன். தவறு. சரியான விடை 5ப/6. அங்கே சமக்குறி இல்லை. தராசில் ஒரு தட்டுதான் இருக்கிறது, அதைப் பெருக்கினால் பொருளே மாறிவிடும். கேள்வியைப் படித்ததும் சமக்குறி இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். அதேபோல (ப + 6)/3 என்று இருந்தால் 6-ஐ மட்டும் 3-ஆல் வகுத்து ப + 2 என்று எழுதுவதும் தவறு, அது ப/3 + 2. மூன்று பேருக்குப் பங்கு பிரிக்கும்போது கையில் இருப்பது எல்லாமும்தானே பிரிய வேண்டும்?

வார்த்தைக் கணக்குகளில் ஒரு சொல் மொத்த விடையையும் மாற்றிவிடும். சம்பளத்தில் நான்கில் ஒரு பங்கு வாடகைக்கும், மீதியில் மூன்றில் ஒரு பங்கு சாப்பாட்டுக்கும் போனது, கையில் 9,000 இருக்கிறது, சம்பளம் எவ்வளவு? ‘மீதியில்’ என்ற சொல்லை விட்டுவிட்டால் ப − ப/4 − ப/3 = 9,000 என்று எழுதி 21,600 என்பீர்கள். அந்த எண் விடைகளில் இருக்கும், அதற்காகவே வைத்திருப்பார்கள். உண்மையில் வாடகை போக மீதி 3ப/4. அதில் மூன்றில் ஒரு பங்கு ப/4. ஆக கையில் இருப்பது பாதி, சம்பளம் 18,000. ‘மீதியில்’, ‘அதில்’, ‘எஞ்சியதில்’ என்ற சொற்களைக் கண்டால் அடிக்கோடு போட்டுவிட்டு எதிலிருந்து என்று ஒரு முறை கேட்டுக்கொள்வேன்.

வேலை நேரக் கணக்கில் தெரியாத எண் கீழே போய் உட்கார்ந்துகொள்ளும். இரண்டு பேர் சேர்ந்து 8 நாளில் முடிக்கும் வேலையை ஒருவர் மட்டும் 12 நாளில் முடிப்பார், மற்றவருக்கு எத்தனை நாள்? 1/ப + 1/12 = 1/8. பயப்பட ஒன்றுமில்லை, 24ப-ஆல் பெருக்குங்கள். 24 + 2ப = 3ப, ப = 24 நாள். இப்படிக் கீழே தெரியாத எண் வந்தால் கடைசியில் ஒரு பார்வை வேண்டும். கிடைத்த விடையைப் போட்டால் கீழே பூச்சியம் வருகிறதா? வந்தால் அந்த விடை செல்லாது.

இனி நேரத்தைப் பற்றி. விடை கிடைத்ததும் கேள்வியில் திரும்பப் போட்டுப் பார்ப்பதற்கு இருபது விநாடிதான் ஆகும். 24-ன் மூன்றில் ஒரு பங்கு 8, நான்கில் ஒரு பங்கு 6, இரண்டும் 14. அவ்வளவுதான். இதை முதல் தேர்வில் நான் செய்திருந்தால் அந்த நான்கு கேள்வியும் கிடைத்திருக்கும் என்று உறுதியாகச் சொல்வேன். நேரமே இல்லாதபோது நேராக விடைகளிலிருந்து தொடங்கலாம். ஆட்களையோ பழங்களையோ மூன்றாகவும் நான்காகவும் பிரிக்கிறார்கள் என்றால் விடை 12-ஆல் வகுபட வேண்டும், பாதிப் பழம் வராது. பெரும்பாலும் நான்கில் இரண்டு விடை அங்கேயே கழிந்துவிடும். ஆனால் இதை மட்டும் நம்பிப் படிக்காதீர்கள். குறுக்குவழிகளால் நான் பட்டது போதும்.

ஆடி மாதத்துக்குப் பிறகு நான் எந்த வகுப்பிலும் பணம் கட்டவில்லை. தெரிந்தவர்கள் வீட்டிலிருந்து ஏழாம், எட்டாம் வகுப்பு அரசுக் கணக்குப் புத்தகங்களை வாங்கினேன். பாடநூல்களை இணையத்திலும் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம், அது எனக்கு அப்போது தெரியாது. காலை நாலரைக்கு எழுந்து தினம் பத்துச் சமன்பாடு. முதல் வாரம் அந்தப் பத்துக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. இரண்டு மாதத்தில் இருபது நிமிடத்துக்கு வந்தது. வேகத்தை நான் துரத்தவில்லை, ஒவ்வொரு வரியையும் முழுசாக எழுதினேன். வேகம் தானாக வந்தது. பயிற்சி மையத்தில் சேரவே கூடாது என்று நான் சொல்லவில்லை. சேருவதற்கு முன் எட்டாம் வகுப்புப் பின்னமும் சமன்பாடும் கைவசம் இருக்கிறதா என்று வீட்டில் உட்கார்ந்து பார்த்துவிடுங்கள். இல்லையென்றால் அங்கே கட்டும் பணத்தில் கணக்குக்கான பங்கு வீண். சேர்ந்த பிறகு புரியாததைக் கேளுங்கள். திரும்பிப் பார்ப்பவர்கள் பார்க்கட்டும்.

2024 ஜூன் 9-ல் இரண்டாவது முறை எழுதினேன். கணக்கில் 25-க்கு 23 சரி. இப்போது ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராக இருக்கிறேன். தோட்டை மீட்டாயிற்று. அப்பாயியிடம், நீங்கள் சொன்ன ஆழாக்குதான் பாஸ் பண்ண வைத்தது என்றேன். கூழுக்கு அளந்த ஆழாக்கா என்று கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார்.

பழகிப் பார்ப்பதற்கு எனக்கு மிகவும் பிடித்த ஒரு கணக்கைக் கொடுத்துவிட்டு முடிக்கிறேன். அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த டயோபாண்டஸ் என்ற கணித மேதையின் வயதைப் பற்றிய பழைய கிரேக்கப் புதிர் இது. அவர் வாழ்நாளில் ஆறில் ஒரு பங்கு பிள்ளைப் பருவம். அதன் பின் பன்னிரண்டில் ஒரு பங்கு கழித்து மீசை தாடி முளைத்தது. இன்னும் ஏழில் ஒரு பங்கு கழித்துக் கல்யாணம். 5 வருடம் கழித்து மகன் பிறந்தான். தந்தை வாழ்ந்த வயதில் பாதி மட்டுமே வாழ்ந்து மகன் இறந்துபோனான். அதன் பிறகு தந்தை 4 வருடம் உயிரோடு இருந்தார். ப/6 + ப/12 + ப/7 + 5 + ப/2 + 4 = ப. ஏழு உறுப்பு, ஏழு புள்ளி. பகுதிகள் 6, 12, 7, 2, எல்லாவற்றுக்கும் பொதுவானது 84. பெருக்கினால் 14ப + 7ப + 12ப + 420 + 42ப + 336 = 84ப. வலப்பக்கத்து ப-வையும் 84 மடங்காக்கியிருப்பதைக் கவனியுங்கள், நான் முதல் தடவை அதை விட்டுவிட்டேன். 75ப + 756 = 84ப, 9ப = 756, ப = 84. திரும்பப் போட்டுப் பார்த்தால் 14, 7, 12, 5, 42, 4. கூட்டினால் 84.